கைடில் இல்லாத விடை

சாந்தி மேடம் இறந்த செய்தி எங்கள் கணிதத் துறையின் வாட்ஸப் குழுவில் வந்தது. அடுத்த நிமிடமே கும்பிடும் கைகள் வரிசை கட்டின. முதல் கும்பிடு துறைத்தலைவருடையது. சிதம்பரத்தில் தகனம் முடிந்த மறுநாள், கடலூரில் எங்கள் பொறியியல் கல்லூரி நடத்திய அஞ்சலிக் கூட்டத்தில் அதே மனிதர் அவரைக் "கணிதக் கடல்" என்றார். அந்தக் கடலைத் தூர்க்க மண் சுமந்தவர்களில் நானும் ஒருவன். அவரை அறிந்த உங்களிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வது?

இரண்டாம் ஆண்டுக்குப் பகுதி வகைக்கெழுச் சமன்பாடுகளை நாங்கள் இருவரும் நடத்தினோம். நான் கைடில் உள்ள கணக்குகளை மனப்பாடம் செய்ய வைப்பேன். அவரோ கேன்டீன் தோசைக்கரண்டியைச் சுடச்சுட வாங்கிவந்து வகுப்பில் நீட்டுவார். "இந்த முனை ஈரத்துணியில இருந்தா ஒரு கதை, வெப்பம் போவாம மூடியிருந்தா வேற கதை. சமன்பாடு ஒண்ணுதான். முனையில என்ன நடக்குதுன்னு பாக்காம கணக்கு போடாதீங்க" என்பார். "தோசை எப்போ மேடம்?" என்று நான் கிண்டல் செய்வேன். அவரும் சிரிப்பார்.

தன்னாட்சிக் கல்லூரி என்பதால் கேள்வித்தாளும் திருத்தலும் எங்கள் கையில்தான். ஒரு செமஸ்டர் தேர்வில், கம்பியில் வெப்பம் பரவும் கணக்கில் ஒரு முனை வெப்பம் போகாமல் மூடியிருப்பதாக மேடம் கேட்டுவிட்டார். கைடில் இரண்டு முனையும் பூஜ்ய டிகிரி. வகுப்பே கைடு விடையைக் கொட்டிவிட்டு வந்தது. பரங்கிப்பேட்டை மாணவி ஒருத்தி மட்டும், "மூடிய முனையில் வெப்பம் வெளியேறாது. படித்த விடை இங்கே பொருந்தாது. மேலே எனக்குத் தெரியவில்லை" என்று எழுதியிருந்தாள். மேடம் அவளுக்குப் பாதி மதிப்பெண் கொடுத்தார். மற்றவர்களுக்குப் பூஜ்யம்.

துறைத்தலைவர் குதித்தார். "ரிசல்ட் என்னாவுறது? ஸ்டெப் மார்க் போடுங்க மேடம்."

"ஸ்டெப்பே தப்பு சார். இவுங்கதான் நாளைக்கு பாய்லர் டிசைன் பண்ணப் போறாங்க."

விடைத்தாள் கட்டு என் மேசைக்கு வந்தது. கைடைப் பக்கத்தில் விரித்துத் திருத்தினேன். எல்லோரும் பாஸ். கைடில் இல்லாததை எழுதிய அந்தப் பெண்ணுக்கு மட்டும் பூஜ்யம் போட்டேன். அந்த மதிப்பெண் போனதில் அவள் ஃபெயில்.

மேடம் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. "எல்லாருக்கும் போட்டீங்க. புரிஞ்சவளை எப்படி சார் ஃபெயில் பண்ணீங்க?" என்று மட்டும் கேட்டார். அரியர் தேர்வுக்கு அவளை அவரே உட்காரவைத்துச் சொல்லிக்கொடுத்தார். அதன்பிறகு அவருக்கு அந்தப் பாடத்தை யாரும் தரவில்லை. அவருடைய வகுப்பையும் எனக்கே தந்தார்கள்.

அஞ்சலிக் கூட்டத்தில் என் முறை வந்தபோது, "கடின உழைப்பாளி" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டேன். என் வாயே எனக்கு நாறியது.

மேடத்திடமிருந்து எனக்கென்று மிஞ்சியிருப்பது அந்த ஒரு கேள்விதான். கைடில் அதற்கு விடை இல்லை.