இடது காலில் மேலேறிய இரத்தம்

தையல் வகுப்பில் இருந்தபோது செய்தி வந்தது. "உங்க பக்கத்து வீட்டு மரகதம் தவறிட்டாங்களாம். வீட்டுக்குப் போம்மா," என்றார் ஆசிரியை. டத்தோ கிராமாட்டில் நம் வரிசை வீடுகளில் மரகதம் அக்காவை அறியாதவர் இல்லை. உங்களில் பலருடைய கடைக்குட்டியை முதலில் ஏந்தியவை அவர் கைகள். ஆனால் நான் சொல்லப்போவது உங்களுக்குத் தெரியாது. அம்மா தூங்கிய பிறகு எழுதுகிறேன்.

மருத்துவிச்சிப் பரீட்சைக்குப் படித்த நாட்களில் அக்கா என்னை எதிரே உட்கார வைத்துப் பாடத்தைச் சொல்லிப் பார்ப்பார். ஒருநாள் தம் கணவரின் காற்சட்டையைத் தரையில் விரித்து, அதன்மேல் நூல்களை வைத்தார். நீல நூல்கள் இதயத்துக்குத் திரும்பும் இரத்தக் குழாய்கள். தொடைகளில் ஏறி, தொடையிடுக்கைத் தாண்டி, இடுப்புக்குள் போய் ஒன்றாகச் சேர்ந்தன. இதயத்திலிருந்து இரத்தம் கொண்டுவரும் குழாய்க்காக, இடது நூலின்மேல் குறுக்கே ஒரு சிவப்பு நூலை வைத்தார். "இந்தக் குழாய் மேல படுத்து அமுக்கும். அதான் பிள்ளை பெத்தவங்களுக்கு இடது கால்லயே அதிகமா ரத்தம் தேங்குது."

அக்காவின் கணவரை அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன். அண்ணன் வேலையிலிருந்து வந்து பார்த்தார். "என் காற்சட்டைக்கு என்ன நோய்லா?"

"பேசாம இருங்க. இன்னும் உயிர் இருக்கு."

சென்ற மாதம் அக்காவுக்கே பிள்ளை பிறந்தது. பத்தாம் நாள் இடது கால் வெளுத்து வீங்கியது. "யாரும் தேய்க்கக் கூடாது. உசத்தி வெச்சாப் போதும்," என்றார். ஏன் என்று நான் கேட்கவில்லை.

அம்மா நல்லெண்ணெய் காய்ச்சி என்னிடம் கொடுத்தார். "படிச்சவ பேச்சு அப்படித்தான் இருக்கும். பச்சை உடம்புக்காரிக்குக் கால் உருவாம விடுவாங்களா? போடி."

அக்கா காய்ச்சலில் கண்மூடிக் கிடந்தார். எல்லோரும் கீழ்நோக்கித்தான் உருவுவார்கள். இரத்தம் மேலே போகவேண்டும் என்று எனக்குத்தான் தெரியுமே! தேங்கியது நகரட்டும் என்று முழங்காலிலிருந்து இடுப்புவரை அழுத்தி உருவினேன். அக்கா கண் திறந்தார். "நல்லாருக்குடி," என்றார். மறுநாள்தான் அந்தத் தையல் வகுப்பு.

தொடையில் உறைந்த இரத்தம் பிரிந்து, இடுப்பு வழியாக ஏறி, நெஞ்சில் அடைத்துவிட்டதாம். தேய்த்தால் அப்படி ஆகும் என்றார் டாக்டர். தேய்க்காவிட்டாலும் ஆகலாம் என்றார். அம்மா என் பக்கம் திரும்பவே இல்லை. தேய்க்கக் கூடாது என்ற அக்கா ஏன் என் கையைத் தள்ளவில்லை? வலி குறைந்ததா? காய்ச்சலில் யாரென்றே தெரியவில்லையா?

நேற்று அண்ணன் குழந்தையை என்னிடம் நீட்டினார். "பிடி தங்கச்சி. அவளுக்கு உன்மேல எவ்ளோ பிரியம்!" நான் கைகளை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டேன்.

அக்காவிடமிருந்து எனக்கு மிஞ்சியது "நல்லாருக்குடி" என்ற ஒரு சொல். அதை நான் வைத்துக்கொள்ளலாமா என்று உங்களில் யாரிடம் கேட்பது?