மூன்று மணி நிழல்

சோலார் பேனலின் மூன்றாவது போல்ட்டில் ஸ்பானரைப் போட்டபடியே மொட்டைமாடியிலிருந்து குரல் கொடுக்கிறார் எலக்ட்ரீஷியன்: "இதோ வந்துட்டேம்மா, ஒரே நிமிஷம்!" அந்த ஒரு நிமிஷம் முக்கால் மணி நேரம் ஓடும். கீழே படுத்திருக்கும் மனைவிக்கு இது பழகிப்போன பொய்.

ஊரில் பாதி வீடுகளுக்குச் சோலார் மாட்டியவர் இவர். வாய் சும்மா இருக்காது. தண்ணீர்த்தொட்டியின் நிழல் பேனலில் விழுந்தால் வீட்டுக்காரரைப் பிடிபிடியென்று பிடித்துவிடுவார். "ஒண்ணு நிழல்ல படுத்தா வரிசையே படுத்துரும் சார். நாலு பேர் பீரோ தூக்கறப்ப ஒருத்தன் கைய விட்டா என்ன ஆகும்? அதேதான்."

அப்பேர்ப்பட்டவர் தன் வீட்டில் கோட்டைவிட்டார். மனைவியின் நுரையீரல் கெட்டு, மூச்சுக்கு மெஷின் வந்தது நடுக்கோடையில். கரண்ட் கம்பி இன்னும் எட்டாத தெரு அது. பகலில் பேட்டரி நிறைந்தால்தான் மறுநாள் வெயில் வரும்வரை மெஷின் ஓடும். பதறியடித்து, உச்சிவெயிலில் அளந்து ஆறு பேனல் மாட்டினார். குளிர்காலத்தில் வெயில் சாயும், நிழல் நீளும் என்று ஊருக்கெல்லாம் பாடம் எடுத்த மனுஷனுக்கு, பாவம், அன்றைக்கு அது நினைவுக்கே வரவில்லை.

இப்போது காலையில் பக்கத்து வீட்டுச் சுவர் மறைக்கிறது. மூன்று மணிக்கு மாடிப்படி அறையின் நிழல் கடைசி இரண்டு பேனலில் ஏறுகிறது. நாள் முழுக்க வெயில் படும் இடமே அங்கே இல்லை. ஆகவே வேலைக்குப் போவதை விட்டுவிட்டு, பேனலைக் கழற்றித் தூக்கிக்கொண்டு வெயிலின் பின்னால் அலைகிறார். போன வாரம் விடிந்தும் விடியாமல் மெஷின் நின்றுபோனது. வெயில் ஏறும்வரை மனைவியை மார்பில் சாய்த்துக்கொண்டு விசிறியபடி அழுதார்.

"கூடவே இருந்து பாத்துக்குங்க," என்று மட்டும் சொல்லி அனுப்பினார் டாக்டர். அதன் அர்த்தம் இருவருக்கும் தெரியும்.

இன்று தண்ணீர் குடிக்க இறங்கியவரிடம் மனைவி மூச்சு வாங்கியபடி சொன்னார்: "இருக்கற கொஞ்ச நாளும்... மாடியிலயே கிடந்தா எப்படிங்க? உங்க முகமே... மறந்துரும் போல."

"பேட்டரி நிறையணுமேம்மா. கழட்டினது பாதியில கிடக்கு."

"கிடக்கட்டும். உக்காருங்க."

டம்ளரைக் கீழே வைத்தார். பிறகு, மெஷினோடு அதே பேட்டரியைக் குடிக்கும் ஃப்ரிட்ஜின் பிளக்கைப் பிடுங்கினார். டிவியை, மோட்டாரை, கூடத்து விளக்கை எல்லாம் நிறுத்தினார். கடைசியாக மனைவியின் தலைமாட்டு விளக்கையும் அணைத்தார். ஜன்னலைத் திறந்து, வெளிச்சம் தன் முகத்தில் விழும்படி நாற்காலியைத் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார்.