எர்சிலியா எடுத்த ஐந்து ஷாட்டுகள்

ரோமில் துஸ்கொலானா சாலையோரத்து எடிட்டிங் அறையில் எர்சிலியா பொஸ்கெத்தி பதினெட்டு வருடம் அடுத்தவர்கள் எடுத்த படங்களை வெட்டி ஒட்டினாள். பக்கத்து மேஜை என்னுடையது. வேலை செய்யும்போது அவள் வாய் சும்மா இருக்காது. "கதவத் திறக்கிறான், சரி. உள்ள வர்றத யாரு எடுப்பா, இவன் மாமனாரா?" என்று அங்கே இல்லாத டைரக்டரைத் திட்டுவாள்.

1967 மே மாதம் ஒரு கல்யாண நகைச்சுவைப் படத்தின் படப்பிடிப்பு. டைரக்டர் குவால்தியேரோ, கழுதைமேல் எப்படி ஏறுவது என்று நடிகருக்குக் காட்டப்போய், விழுந்து காலை உடைத்துக்கொண்டார். விருந்துக் காட்சி பாதியில் நின்றது. தயாரிப்பாளர் செத்திமியோ எங்கள் அறைக்கு ஓடிவந்தார்.

"எடுத்த வரைக்கும் வச்சு ஒப்பேத்திடும்மா."

"முடியாது சார். அஞ்சு ஷாட் இல்ல. பொண்ணு சிரிக்கிறது, மாமியார் அதப் பாக்குறது..." விரல்விட்டு எண்ணினாள்.

"அப்ப நீயே போய் எடுத்துட்டு வா!"

எரிச்சலில்தான் சொன்னார். அவளோ கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டாள்.

படப்பிடிப்பு நடந்த பிராஸ்காத்தியில் மொத்தப் பேரும் சிரித்தார்கள். "தையக்காரம்மா வந்தாச்சு. கத்திரி எங்க?" என்றான் கேமராமேன் ஒத்தாவியோ.

"உன் வாய வெட்டத்தான் வச்சிருக்கேன். கேமராவ இங்க வை."

மாமியாராக நடித்த அம்மாவின் முகத்தில் கோபம் வரவே இல்லை. "கோபப்படாதீங்க. ரொட்டியப் பிச்சிக்கிட்டே இருங்க, வாயில மட்டும் வைக்காதீங்க" என்றாள் எர்சிலியா. மதியச் சாப்பாட்டுக்கு முன்பே ஐந்தும் முடிந்தன. ஒத்தாவியோ தன் கையாலேயே அவளுக்கு ஒயின் ஊற்றிக் கொடுத்தான்.

படம் வெளியானபோது, மாமியார் ரொட்டி பிய்க்கும் இடத்தில் தியேட்டரே குலுங்கியது. மறுவருடம் செத்திமியோ அவளையே டைரக்டராக்கி ஒரு படம் கொடுத்தார். எடிட்டிங் எனக்கு வந்தது. மீன்காரிகள் மழையில் சண்டை போடும் ஒரே ஷாட் நாலு நிமிடம் ஓடியது. பாதியை எடுத்துவிடலாம் என்றேன்.

"கொஞ்சம் இரக்கம் காட்டுடி! அந்த மழைக்கு மூணு நாள் காத்துக்கிடந்தேன்."

"பாக்குறவங்களுக்கு அது தெரியுமா?"

அந்த ஷாட்டை இன்னொரு முறை ஓட்டிப் பார்த்தாள். பிறகு, "வெட்டு. ஆனா என் கண்ணு முன்னாடி வேணாம்" என்று சொல்லிவிட்டு காபி குடிக்கப் போனாள்.

அந்தப் படம் நேப்பிள்ஸில் ஆறு வாரம் ஓடியது. கடைசி வாரம் இருவரும் ரயிலேறிப் போய்ப் பார்த்தோம். முன்வரிசையில் ஒருத்தி, வளவளவென்று பேசிய புருஷனை, "வாய மூடுங்க, படம் பாக்கணும்!" என்று அதட்டினாள். சந்தோஷத்தில் எர்சிலியா என் கையைக் கிள்ளிய இடம் இரண்டு நாள் கன்றிப்போயிருந்தது.