ஏசினால் நகரும் வீடு

குரலுக்கு நகரும் செட்டிநாட்டு வீட்டில் ஒரு தடவையாவது ஏற வேண்டும் என்று கோயம்புத்தூரில் உட்கார்ந்துகொண்டு பத்து வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். எங்கள் பக்கத்து வீடுகள் கட்டிய இடத்திலேயே நிற்பவை. இந்த மாசியில் ஒரு திங்கட்கிழமை லீவு கிடைத்ததும் ஞாயிறு இரவே பஸ் ஏறிவிட்டேன். போய்வந்தவர்கள் எழுதியதெல்லாம் ஆகா ஓகோ என்றுதான் இருக்கும். இது அப்படி இருக்காது, இப்போதே சொல்லிவிடுகிறேன்.

காலை 6.20க்குக் காரைக்குடி. இரண்டு இட்லி, ஒரு வடை, காபி சேர்த்து 70 ரூபாய். 8.15க்கு ஆட்டோ பிடித்தேன். தேவகோட்டைப் பக்கம் 11 கிலோமீட்டர். 350 கேட்டார், 300க்கு இறங்கினார். ஊர்ப் பெயரை வேண்டுமென்றேதான் எழுதவில்லை. எழுதினால் கூட்டம் இன்னும் சேரும்.

டிரைவர் பெயர் சேவுகன். டிக்கெட் எவ்வளவு என்று கேட்டார். ஆயிரத்து இருநூறு என்றேன்.

"அந்த வீட்ட நாங்க சும்மாவே பாத்துருக்கோம் சார். கண்மாய் வத்துனா தண்ணி இருக்கிற பக்கம் போகும், மழை பேஞ்சா மேட்டுக்கு ஏறிக்கிரும். எல்லாம் பஞ்சவர்ணம் அக்கா ஏசுற ஏச்சுலதான்."

விவரம் தெரியாதவர்களுக்காக: இந்த வீடுகளுக்குப் பத்திரம் படிக்கத் தெரியாது. தன்னைக் கூட்டிப் பெருக்கி, உள்ளே அடுப்பு மூட்டி, வருடக்கணக்கில் பேசிக்கொண்டிருந்த குரல் எது என்று மட்டும் தெரியும். அந்தக் குரல் சத்தமாக எழுந்தால், சத்தம் வரும் திசைக்கு வீடு நகரும். பஞ்சவர்ணம் முப்பது வருடமாக அந்த வீட்டின் பின்கட்டில் தங்கி அதைப் பார்த்துக்கொண்டவர்.

வீட்டுக்கு நான்கு பங்காளிகள். கண்மாய்க்கரையில் நின்ற வீட்டை ரோட்டோரத்துக்குக் கொண்டுவந்து விடுதியாக்குவதென்று முடிவு செய்தார்கள். சொந்தக்காரன் கூப்பிட்டால் சொத்து வராதா என்ற நினைப்பு. நல்ல நாள் பார்த்து, சங்கு ஊதி, மேளம் கொட்டி, மூத்தவர் தொடங்கி நான்கு பேரும் வரிசையாகக் கூப்பிட்டார்களாம். வருடத்துக்கு ஒரு ராத்திரி வந்து தங்கிப்போகிற குரல்கள். வீடு அசையவில்லை.

"மத்தியானம் வரைக்கும் கத்திப் பாத்தாக. எச்சில் இலை எடுக்க வந்த அக்காவுக்கு ஆத்திரம் வந்துருச்சு. 'இம்புட்டுப் பேரு கூப்புடுறாக, காது அடைச்சா போச்சு ஒனக்கு, எந்திரிச்சு வா'ன்னு ஒரு அதட்டு. வந்துருச்சு சார்," என்று சேவுகன் சிரித்தார். நானும் சிரித்தேன்.

9 மணிக்கு வீடு புறப்பட்டது. உள்ளே நாங்கள் பதினான்கு பேர். தோட்டத்துக் கோடியில் புளியமரத்தில் ஒலிபெருக்கி கட்டியிருந்தார்கள். அதிலிருந்து ஒரு பெண்குரல்: "ஏய், எந்திரி. எம்புட்டு நேரமா நிக்கிறது, கூட்ட வேணாமா? இங்குட்டு நகரு." காலுக்குக் கீழே தரை, மாவு அரைக்கும் கிரைண்டர்போல அதிர்ந்தது. தூண்கள் முனகின. ஜன்னலுக்கு வெளியே தென்னைமரங்கள் ஒவ்வொன்றாகப் பின்னால் போயின. 400 மீட்டர், 22 நிமிடம், பிறகு புறப்பட்ட இடத்து ஒலிபெருக்கி ஏச, அதே மாதிரி திரும்பி வந்தது. ஒவ்வொரு ஏச்சுக்கும் எல்லோரும் கைதட்டிச் சிரித்தார்கள். நான் அதைப் போனில் பதிந்து ரிங்டோனாகவே வைத்துக்கொண்டேன். யார் குரல் என்று மேனேஜரிடம் கேட்டதற்கு, "பழைய ஸ்டாஃப் சார்" என்றார்.

வெளியே வந்தபோது மணி 9.50. திரும்பவும் ஆட்டோவுக்கு 300 கொடுக்க மனம் வராமல், மதிலுக்கு எதிரே இருக்கும் பஸ் நிறுத்தத்தில் நின்றேன். மஞ்சள் பையோடு ஒரு அம்மா நின்றிருந்தார். பஸ் எப்போது என்று கேட்டேன். "பத்தே காலுக்கு டவுன் பஸ்சு. எங்கேருந்து வாரீக தம்பி?" என்று ரகசியம் பேசுவதுபோல மெல்லக் கேட்டார். அந்த மெல்லிய குரலிலும் எனக்கு அடையாளம் தெரிந்துவிட்டது. என் ரிங்டோன்.

"நீங்கதானே பஞ்சவர்ணம்? ஏன் இவ்வளவு மெதுவாப் பேசறீங்க?"

"சத்தமாப் பேசக் கூடாதுன்னு பங்காளிக கையெழுத்து வாங்கிட்டாக. குரலப் போன்ல பதிஞ்ச மறுவாரமே பின்கட்டக் காலி பண்ணச் சொல்லிட்டாக. சுத்தி ஒரு கிலோமீட்டருக்கு நான் குரல் எடுக்கக் கூடாது. என் குடிசையும் அதுக்குள்ளதான் இருக்கு. ஆட்டக் கூப்பிடக்கூடக் கைதட்டுறேன்."

கையெழுத்துதானே, மீறினால் என்ன என்று கேட்டேன். அவர் மதிலைக் காட்டினார். புதுச் சிமெண்டுப் பூச்சு, பத்தடி அகலத்துக்கு.

"போன மாசம் ஆடு ரோட்டுக்கு ஓடுச்சுன்னு என்னை மறந்து கத்திட்டேன். வீடு மதில இடிச்சுக்கிட்டு வந்துருச்சு. உள்ள சமைச்சுக்கிட்டிருந்த பொண்ணுக்குக் கால் போச்சு. வீட்டுக்குத் தெரியுமா பாவம், நான் கூப்புட்டேன்னு வந்துச்சு."

பையில் ஒரு மனு இருந்தது. திங்கட்கிழமை சிவகங்கை கலெக்டர் ஆபீசில் மனு வாங்குகிறார்கள், ஒரு மணிக்குள் போய்ச் சேர வேண்டும். வீட்டைக் கேட்கவில்லை, பின்கட்டையும் கேட்கவில்லை. வீட்டைத் திரும்பக் கண்மாய்க்கரைக்கே கொண்டுபோகச் சொல்லுங்கள், நான் என் குடிசையில் வாய்விட்டுப் பேச வேண்டும். அவ்வளவுதான் எழுதியிருந்தது. போன இரண்டு திங்கட்கிழமையும் போக முடியவில்லை என்றார். ஏன் என்று கேட்பதற்குள் பஸ் வந்துவிட்டது.

பெண்களுக்கு டிக்கெட் இல்லாத பஸ். பொம்பளை மட்டும் கை காட்டினால் டிரைவர்கள் ஆக்சிலேட்டரை எப்படி மிதிப்பார்கள் என்று ஊரறியும். கத்தினால்தான் நிற்பார்கள். பஞ்சவர்ணம் கையைத் தூக்கிக்கொண்டு ஓடினார். ஐம்பது வயது உடம்பு, வாயை இறுக மூடிக்கொண்டு பஸ்ஸின் பின்னால் ஓடியது. பஸ் நிற்கவில்லை. நான் போனைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டு நின்றேன். எனக்குத் தொண்டை இருக்கிறது என்பது பஸ் வளைவில் திரும்பிய பிறகுதான் உறைத்தது.

மூச்சு வாங்கத் திரும்பி வந்து, அதே தணிந்த குரலில் சொன்னார்: "நீங்களாச்சும் கத்தியிருக்கலாம்ல தம்பி."

சேவுகனுக்குப் போன் போட்டேன். காரைக்குடியில் சவாரியில் இருந்தார், வந்து சேர பதினொன்றரை ஆகும் என்றார். பஞ்சவர்ணம் விரல்விட்டுக் கணக்குப் பார்த்தார். தேவகோட்டை போய், பஸ் மாறி, சிவகங்கை போவதற்குள் ஒரு மணி தாண்டிவிடும். மனுவை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, "அடுத்த திங்கக்கெழம பாப்போம்" என்று குடிசைக்கு நடந்தார். முன்னூறு ரூபாய் மிச்சம் பிடிக்கப் பார்க்காமல் சேவுகனை அங்கேயே நிறுத்தி வைத்திருந்தால் அந்த அம்மா நேரத்துக்குப் போய்ச் சேர்ந்திருப்பார். என் மேலேயே எனக்கு அருவருப்பாக இருக்கிறது. ரிங்டோனை அங்கேயே அழித்தேன். அதனால் யாருக்கும் ஒன்றும் ஆகப்போவதில்லை.

போகிறவர்களுக்கு: குடையும் தண்ணீரும் கொண்டுபோங்கள், நிறுத்தத்தில் நிழல் இல்லை. 10.15 பஸ்ஸை விட்டால் அடுத்தது 12.30. அங்கே ஒரு அம்மா மஞ்சள் பையோடு கை காட்டி நின்றால், பஸ்ஸைப் பார்த்து நீங்கள் கத்துங்கள். பயப்படாமல் கத்தலாம். உங்கள் குரலுக்கு அந்த வீடு வராது.