அக்கா கட்டிய ராகிப் பாட்டு

அக்கா என்னைவிட மூன்று வயது மூத்தவள். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டார்கள். இண்டூரில் எங்கள் காட்டில் களையெடுக்கும்போது அவளாகவே பாட்டுக் கட்டுவாள். கூட இருக்கும் பெண்கள் வாங்கிப் பாடுவார்கள். நோட்டில் எழுதி வைப்பது என் வேலை. அவள் கையெழுத்து அவளுக்கே புரியாது.

யுத்த காலத்தில் சர்க்கார் ஆட்கள் வீடு வீடாக வந்து ராகியை அளந்து எடுத்துப் போனார்கள். மறுநாளே அக்கா கட்டிவிட்டாள்: “அளந்து போறவங்களே, எங்க அடுப்பையும் அளந்து போங்க.” கொஞ்ச நாளில் அந்தப் பாட்டு மொரப்பூர்வரை போய்விட்டது.

ஒரு காலையில் போலீஸ்காரர் ஒருவர் வந்து, “பாட்டுக் கட்டின ஆளு யாரு?” என்று அப்பாவைக் கேட்டார்.

“எங்க வூட்டு ஆம்பளைங்களுக்குப் பாட்டெல்லாம் வராதுங்க,” என்றார் அப்பா. அது பொய்யில்லை.

சாணிக் கையோடு அக்கா வெளியே வந்தாள். “நான்தானுங்க கட்டினேன்.”

“எங்க, பாடு பாக்கலாம்.”

முழுசாகப் பாடினாள். அவர் தொப்பியைப் பற்றி ஓர் அடியையும் அங்கேயே சேர்த்துக்கொண்டாள். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “சீக்கிரம் கட்டிக் குடுத்துடுங்க,” என்று அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார்.

அதுதான் அக்காவுக்குப் பொறுக்கவில்லை. “ஆம்பள கட்டியிருந்தா புடிச்சிட்டுப் போயிருப்பாருல்ல?” என்று என்னிடம் பொருமினாள். அடுத்த வாரம் மொரப்பூர் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்ற கூட்டத்தின் முன்னால் பாடினாள். இந்தத் தடவை பிடித்துக்கொண்டு போனார்கள். ஆறு மாதம் வேலூர் ஜெயில்.

அந்த மாதங்களில் காட்டில் என்னைப் பாடச் சொன்னார்கள். என் குரலைக் கேட்டபின் யாரும் மறுபடி கேட்கவில்லை.

அவள் திரும்பும் நாளில் அப்பா வண்டி பூட்டினார். ஸ்டேஷன்வரை அவளைத் திட்டிக்கொண்டே ஓட்டினார். அவள் இறங்கியதும், “எளைச்சிட்ட சாமி,” என்றார். வறுத்த கடலைக்காய்ப் பையை அவள் மடியில் வைத்தார். ஜெயிலில் கற்ற தெலுங்குப் பாட்டுகளை அக்கா வழியெல்லாம் பாடினாள். ஊருக்கு வந்ததும், தெலுங்கு பேசும் பக்கத்து வீட்டு அத்தை அவற்றில் பாதி வார்த்தைகளைத் திருத்தினாள்.

சுதந்திரத்துக்குப் பிறகு அக்கா பஞ்சாயத்துத் தேர்தலில் நின்றாள். அப்பா வெயிலில் தெருத்தெருவாக நடந்து ஓட்டுக் கேட்டார். ஜெயித்தாள். மெம்பரான பிறகு களையெடுக்க அவளைக் கூப்பிடுவதை நாங்கள் விட்டுவிட்டோம். வந்தால் பேச்சில் எல்லோர் வேலையும் நின்றுபோகும்.