அத்தையின் கம்ப்யூட்டரில் நான் இறக்கியது

புருஷன் வீட்டை விட்டு வந்திருந்த அத்தை, தல்லாகுளத்தில் எங்கள் வீட்டு முன்னறையில் டைப்பிங் சென்டர் வைத்திருந்தாள். கோர்ட்டு மனுக்களைத் தமிழில் அடித்துக் கொடுப்பாள். அவள் கை பழகியது ஒரு பழைய சாஃப்ட்வேருக்கு. அதைத் தயாரித்த கம்பெனியே இப்போது இல்லை. பழைய கம்ப்யூட்டர் படுத்துவிட்டது. புதியதில் ஏற்றலாமென்றால் சிடி முழுக்கக் கீறல். பழைய மனுக்களைத் திறந்தால் வெறும் கட்டங்களாகத் தெரிந்தன.

நான் ஏழாம் வகுப்பு. கம்ப்யூட்டர் பாடத்தில் முதல் மார்க் வாங்குகிறவள் என்ற கர்வம் கொஞ்சம் அதிகம். அத்தை கோர்ட்டுக்குப் போயிருந்த ஒரு மத்தியானம் இணையத்தில் தேடினேன். ஏதோ ஒரு தளத்தில் அதே சாஃப்ட்வேர், பூட்டு உடைத்து, இலவசமாகக் கிடைத்தது. ஆன்டிவைரஸை நிறுத்திவிட்டு ஏற்றச் சொல்லியிருந்தார்கள். நல்ல பிள்ளையாக நிறுத்தினேன். ஏற்றியும் ஒன்றும் திறக்கவில்லை. விளையாடப் போய்விட்டேன்.

மறுநாள் காலையில் எந்த ஃபைலும் திறக்கவில்லை. பணம் கட்டினால்தான் விடுவிப்போம் என்று திரையில் ஆங்கிலத்தில் ஒரு மிரட்டல். நகல் வைத்திருந்த பென்டிரைவும் அதிலேயே செருகியிருந்ததால் அதுவும் போயிற்று. மனுக்களைத் திரும்ப அடித்துவிடலாம். ஆனால் மாமா போனில் அவளை மிரட்டிய பேச்சையெல்லாம் பதிவு செய்து, போனில் இடமில்லையென்று அந்தக் கம்ப்யூட்டருக்கு மாற்றி வைத்திருந்தாள். மாமா மேல் அவள் போட்டிருந்த வழக்குக்கு இருந்த ஒரே சாட்சி அதுதான்.

"நீ எதையும் தொட்டியாடி?"

"இல்லத்த."

அவள் என்னைச் சற்று நேரம் பார்த்தாள்.

"யாரு பாத்த வேல இது?" என்று அப்பா கத்திக்கொண்டு வந்தார்.

"நான்தாண்ணே. பழைய சாஃப்ட்வேர எங்கிட்டோ இருந்து இறக்குனேன்."

"அம்புட்டு அறிவிருந்தா நீ ஏன் இங்க வந்து உக்காந்திருக்க?"



சாட்சி இல்லாத வழக்கை எதற்கு இழுக்க வேண்டும் என்று பெரியவர்கள் கூடிச் சமாதானம் பேசினார்கள். அத்தையை அழைத்துப்போக உசிலம்பட்டியிலிருந்து மாமா காரில் வந்தார். எனக்கு ஒரு சாக்லேட் கொடுத்தார், தின்றேன். அதற்குப் பிறகு வீட்டு விசேஷங்களுக்கு அத்தை சித்திரை வெயிலிலும் முழுக்கை ரவிக்கையோடுதான் வந்தாள்.

அன்றைக்குக் காரில் ஏறும் முன் என் தலையைத் தடவி, "நல்லாப் படிடி, வாரேன்" என்றாள். அவளும் எதையோ இறக்கியிருக்கிறாள், என் பொய்யை நம்பிவிட்டாள் என்ற நிம்மதியில், கார் தெருமுனை திரும்பும்வரை கையாட்டிக்கொண்டு நின்றேன். அந்தக் கம்ப்யூட்டரைத் தொட்டவர்கள் நாங்கள் இரண்டே பேர்தான் என்பது அன்றைக்கு எனக்கு உறைக்கவில்லை.