அக்கா முடிந்துவைத்த காசு

உறவுகளுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். அக்கா எங்களை விட்டுப் போய் ஓராண்டு நிறைந்துவிட்டது. இந்த மலரில் வாழ்க்கைக் குறிப்பு எழுதும் வேலையை என் தலையில் கட்டிவிட்டார்கள். கிருஷ்ணகிரியில் ஜெராக்ஸ், டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். ஊரார் வீட்டு நினைவு மலர்களை எல்லாம் அடித்துக் கொடுத்த கை இது. 'பிறந்தார், வளர்ந்தார், பண்பில் சிறந்தார்' என்று கண்ணை மூடிக்கொண்டே அடித்துவிடுவேன். சொந்த அக்காவுக்கு என்று உட்கார்ந்தால் ஒரு வரி நகரமாட்டேன் என்கிறது. எனக்கு ஒரே குழப்பமாக இருக்கிறது.

குழப்பத்துக்குக் காரணம் ஒரு துண்டு மஞ்சள் துணி. ஓசூரில் அக்கா வீட்டுப் பூஜை அலமாரியில், சாமி படங்களுக்குப் பின்னால், அதில் காசு முடிந்து வைத்திருந்தார். ஆஸ்பத்திரியில் கடைசி நாட்களில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்த முடிப்பை மட்டும் சேத்துடுடி, மறந்துடாத" என்றார். எந்தச் சாமிக்கு, என்ன வேண்டுதல் என்று நான் கேட்பதற்குள் மருந்து மயக்கத்தில் கண் மூடிவிட்டார். மறுபடி தெளிவாகப் பேசவே இல்லை.

போனவர் வைத்த வேண்டுதலைச் செலுத்தாமல் விட்டால் அது வீட்டிலிருப்பவர்கள் தலையில் நிற்கும் என்பார்கள் எங்கள் பக்கத்தில். துக்க வீட்டார் ஓராண்டு கோயில் படி மிதிக்கக் கூடாது என்றும் சொல்வார்கள். ஆகையால் வருஷத் திதி கொடுத்ததும் முதல் வேலை அதுதான் என்று முடிவாயிற்று. எந்தக் கோயில் என்பது மட்டும் முடிவாகவில்லை.

அக்கா சிங்காரப்பேட்டைப் பக்கம் ஒரு விவசாயக் குடும்பத்தில் மூத்த மகளாகப் பிறந்தார். அக்காவின் கணவர், எங்கள் மாமா, மரியாதையாக எழுதச் சொன்னதால் 'பிறந்தார்' என்கிறேன். நேரில் எங்களுக்குள் 'வா, போ'தான், சண்டை என்றால் அதுவும் கிடையாது. அப்பா கேழ்வரகும் நிலக்கடலையும் போட்டுப் பார்த்தார். மழையை நம்பிய காடு, கைகொடுத்த வருஷங்களைவிடக் கைவிட்ட வருஷங்கள்தான் அதிகம். அப்பா திடீரென்று காலமானபோது நான் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தேன். அக்கா அப்போதுதான் ஐ.டி.ஐ. முடித்திருந்தார். அழுத கண்ணோடு ஓசூருக்குப் பஸ் ஏறினார். சிப்காட்டில் இரு சக்கர வண்டிகளுக்கு உதிரி பாகம் செய்யும் ஒரு கம்பெனியில் வேலை கிடைத்தது. என்னைப் படிக்க வைத்தது, அம்மாவைக் கரையேற்றியது எல்லாம் அந்த வேலைதான்.

அங்கேயே கெலமங்கலத்து மாமாவைக் கல்யாணம் செய்துகொண்டார். மாமா மார்க்கெட்டுக்குத் தக்காளி, கொத்தமல்லி ஏற்றும் வண்டி ஓட்டுகிறவர். அவர்கள் வீட்டில் தெலுங்கு. மாமியாருக்குப் பதில் சொல்வதற்காகவே அக்கா தெலுங்கு கற்றுக்கொண்டார். பதில் சொல்லும் அளவு பழகிய பிறகு இருவரும் சிநேகமாகிவிட்டார்கள். மாமியார் போனபோது உண்மையில் அதிகம் அழுதது அக்காதான்.

இனி அக்காவின் வேலையைச் சொல்ல வேண்டும். எங்கள் சின்ன வயதில் பீரங்கி, ராக்கெட் என்றாலே வெளிநாட்டில் வாங்குவது என்று நினைத்திருந்தோம். பிறகு காலம் மாறியது. எல்லாவற்றையும் இங்கேயே செய்ய வேண்டும் என்றார்கள். பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தில் ஓசூரும் வருகிறது என்று செய்தி வந்தது. நேற்று வரை பிரேக்குக்கு உதிரி பாகம் செய்த பட்டறைகள் டிஃபென்ஸ் ஆர்டர் எடுக்க ஆரம்பித்தன. அக்காவின் கம்பெனியிலும் தனியாக ஒரு கூடம் கட்டி, குளிர்சாதனம் போட்டு, வாசலிலேயே எல்லோருடைய போனையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். தரம் பார்க்கிற வேலைக்கு அக்காவை அங்கே மாற்றினார்கள்.

அவர் பார்த்தது வளையல் அளவில் ஓர் உலோக வளையம். அது எதில் பொருந்துகிறது என்று யாரும் சொல்லவில்லை. வரைபடத்தில் பெயர் கிடையாது, எண் மட்டும்தான். சூப்பர்வைசரிடம் கேட்டால், "மேல போறதுல போடுவாங்கம்மா" என்று கூரையைக் காட்டுவாராம். சரியாக இருந்தால் அக்கா தன் முத்திரையை வைப்பார், முடி அளவு கீறல் இருந்தாலும் ஒதுக்கிவிடுவார். அந்தக் கூடத்துக்குப் போனதிலிருந்து கையில் வளையல் போடுவதை விட்டுவிட்டார். உரசிக் கீறல் விழுந்துவிடுமாம்.

அம்மா ஊரில், "எம்பொண்ணு ராக்கெட்டு செய்யுறா" என்று சொல்லிக்கொண்டு திரிந்தார்.

"வளையம் பாக்கறன்மா, அவ்ளோதான்" என்பார் அக்கா.

"அதான்டி, ராக்கெட்டுக்கு வளையம்."

"அதும் எனுக்குத் தெரியாது. நீ பாட்டுக்குச் சொல்லிட்டு இருக்காத."

அக்காவின் ஒரே மகன் டிப்ளமோ முடித்துவிட்டுப் பட்டாளத்தில் சேர்ந்தான். அக்கா தடுக்கவில்லை, சந்தோஷப்படவும் இல்லை. அவன் எல்லையில் இருந்தபோதுதான் சண்டை மூண்டது. சில நாட்கள்தான் என்றாலும் எங்களுக்கு அது யுகமாக இருந்தது. கம்பெனியில் ராப்பகலாக வேலை. அக்கா வீட்டுக்கு வருவதே குளிக்கவும் கொஞ்சம் படுக்கவும்தான். நானும் அம்மாவும் துணைக்குப் போயிருந்தோம். டிவியில் வானத்தில் நெருப்புக் கோடுகள் போய்க்கொண்டிருந்தன. அம்மா சோற்றுத் தட்டோடு உட்கார்ந்து, "அடி, அப்படித்தான், நல்லா போடு" என்று சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். அக்கா வந்து டிவியை அணைத்துவிட்டார்.

"என்னாத்துக்குடி அமத்துன? நம்ம ஆளுங்கதானே அடிக்கிறாங்க?"

"அந்தப் பக்கமும் எவளோ ஒருத்தி உக்காந்து வளையம் பாத்திருப்பாம்மா" என்றார் அக்கா. "அவ நல்லாப் பாத்து அனுப்புனாளா, அசந்துட்டாளா? அவ அசந்திருக்கணும்னு நெனைக்கறன். ஆனா நான் அசரல. அதை நெனச்சா எனுக்குச் சோறு எறங்க மாட்டேங்குது."

அம்மா தட்டைக் கீழே வைத்துவிட்டார். அன்று யாரும் சாப்பிடவில்லை. எனக்கு அக்கா சொன்னது பாதி புரிந்தது, பாதி புரியவில்லை. இன்றைக்கும் அப்படியேதான் இருக்கிறது.

சண்டை நின்றது. மகன் நலமாக இருக்கிறேன் என்று போன் செய்தான். கம்பெனியில் எல்லோருக்கும் இனிப்புப் பெட்டி கொடுத்தார்கள். ஆர்டர் பெருகி, பக்கத்து மனையையும் வாங்கிக் கட்டடம் எழுப்பினார்கள். வடக்கேயிருந்து பிள்ளைகள் வேலைக்கு வந்து இறங்கினார்கள். எங்கள் ஊரிலிருந்தே பல பெண்களை அக்கா அங்கே சேர்த்துவிட்டார். பத்து வீட்டில் அடுப்பு எரிய வைத்தவர் என்று அவரை இன்றும் சொல்கிறார்கள். அது சத்தியமான பேச்சு, இந்த மலரில் தயங்காமல் அதை எழுதுகிறேன்.

அதற்குப் பிறகுதான் வயிற்றில் கட்டி என்று கண்டுபிடித்தார்கள். ஓசூரில் பார்த்து, பெங்களூரில் பார்த்து, எல்லாம் பார்த்தும் கைமீறிவிட்டது. மகன் விடுப்பில் வந்து மடியில் தலை வைத்துக்கொண்டான். வேலைக்குப் போக முடியவில்லையே என்பதுதான் அக்காவின் குறை. "புதுசா வந்த புள்ளைங்க லைட்டுக்கு எதிரா பிடிச்சுப் பாக்குதுங்களா, இல்ல அப்படியே அனுப்புதுங்களா" என்று படுக்கையிலும் கேட்டுக்கொண்டிருந்தார்.

மறுபடி முடிப்புக்கு வருகிறேன். பேரன் உயிரோடு திரும்ப வேண்டும் என்பதே வேண்டுதல், ஆகவே அது எங்கள் குலதெய்வம் வேடியப்பனுக்கு என்றார் அம்மா. கட்டிக்கொண்டு போன பெண்ணுக்குப் புகுந்த வீட்டுச் சாமிதானே, ராத்திரியில் வண்டி ஓட்டும் தனக்காகத்தான் மாரியம்மனுக்கு முடிந்திருப்பாள் என்றார் மாமா. துக்கம் கேட்க வந்த சூப்பர்வைசர், ஆர்டர் நல்லபடி முடிய வேண்டும் என்றுதான் இருக்கும் என்றார். எனக்குக் குழந்தையில்லை. எனக்காகத்தான் முடிந்திருப்பார் என்று நான் உள்ளுக்குள் நம்பிக்கொண்டிருந்தேன். ஆளாளுக்கு அந்த முடிப்பு தனக்கே வேண்டும் என்று இழுத்தோம். துணியைத் தடவிப் பார்த்ததில் உள்ளே இரண்டு காசு இருப்பது தெரிந்தது. அதனால் குழப்பம் இரட்டிப்பானதுதான் மிச்சம்.

திதிக்கு அழைக்க அக்காவோடு வேலை பார்த்த நாகரத்னா அக்கா வீட்டுக்குப் போனேன். தெலுங்கு பேசுகிறவர், தமிழையும் தன் போக்கில் பேசுவார். பேச்சுவாக்கில் முடிப்பைப் பற்றிச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு உடனே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அதுல ஒரு காசு என்துதானே!" என்றார்.

கம்பெனியின் முதல் வளையப் பெட்டி, பட்டாளத்து அதிகாரிகள் பார்த்து ஒப்புக்கொண்டு வெளியே போன நாளில் நடந்தது அது. கேன்டீனில் அக்கா மஞ்சள் துணியை விரித்து வைத்துக்கொண்டு காசு தேடினாராம். எல்லோரும் போனில் பணம் கொடுக்கிற காலம், யாரிடமும் சில்லறை இல்லை. அக்காவிடம் ஒரு காசுதான் இருந்தது. இன்னொன்று வேண்டும் என்று நாகரத்னா அக்காவின் பையைக் கவிழ்த்து எடுத்துக்கொண்டாராம்.

"ஒரு காசு, நான் முத்திரை வச்சது எதுவும் தப்பாப் போவக் கூடாதுன்னு. இன்னொரு காசு, அதை வெளிய எடுக்கற நாளே வரக் கூடாதுன்னு. கெடங்குலயே கெடந்து வீணாப் போவட்டும்னு சொல்லுச்சு. நான் சிரிச்சேன். ரெண்டும் ஒரே சாமிக்கா அக்கா, வேற வேற சாமி பாக்கக்கூடாதான்னு கேட்டேன். 'ஒருத்தர்கிட்டயே சொன்னாத்தான் அவரு ஒக்காந்து யோசிப்பாரு'ன்னுச்சு. அவுங்க ஊர்ச் சாமி, வேடியப்பன். அவரு கையிலயே வில்லும் கத்தியும் இருக்குதாமே, அவருக்குத்தான் இது புரியும்னு சொல்லுச்சு."

அப்போது மகன் பட்டாளத்துக்குப் போகவே இல்லை. அம்மா சொன்ன சாமி சரி, ஆனால் வேண்டுதலைப் பற்றி அம்மா சொன்னது, மாமா சொன்னது, நான் நினைத்தது எல்லாமே தப்பு. சாமி எது என்ற குழப்பம் தீர்ந்தது. ஆனால் பெரிய குழப்பம் அங்கேதான் ஆரம்பமானது. வேண்டுதல் நிறைவேறினால்தான் காணிக்கை செலுத்த முடியும். அக்காவின் வளையங்கள் கிடங்கில் கிடக்கின்றனவா, அந்தச் சண்டையில் போய்விட்டனவா? கம்பெனியைக் கேட்டால் சொல்லமாட்டார்கள். மகனைக் கேட்டால், "அதெல்லாம் பேசக் கூடாது சித்தி" என்பான்.

திதி முடிந்த ஞாயிற்றுக்கிழமை வேடியப்பன் கோயிலுக்குப் போனோம். அம்மா, மாமா, விடுப்பில் வந்த மகன், நாகரத்னா அக்கா, நான். மண்குதிரைகளைத் தாண்டி உள்ளே போய் முடிப்பைத் தட்டில் வைத்தோம். பூசாரி கற்பூரம் காட்டிவிட்டு, "வேண்டுதல் நெறவேறிச்சாம்மா?" என்றார்.

அம்மா மாமாவைப் பார்த்தார். மாமா என்னைப் பார்த்தார். "தெரியலையே சாமி" என்றார் அம்மா.

"தெரியாம எப்படிம்மா உண்டியல்ல போடறது? வச்சிருந்து தெரிஞ்சப்ப வாங்க."

எடுத்துக்கொண்டு கிளம்பலாம் என்று நான் கை நீட்டினேன். அதற்குள் மகன் முடிப்பை எடுத்துவிட்டான். பல்லால் கடித்து முடிச்சை அவிழ்த்தான். ஒரு காசை எடுத்து உண்டியலில் போட்டான். மற்றதை அதே துணியில் வைத்து, பழையபடி முடிந்து, என் கையில் கொடுத்தான்.

"எந்தக் காசுடா போட்ட?" என்றார் அம்மா.

"மொதல்ல சொன்னதுக்கு, ஆயா. அம்மா பாத்தது தப்பாப் போவல."

மாமா அவன் தோளைப் பிடித்துக்கொண்டார். "அப்படின்னா எடுத்தாங்களாடா? உங்கம்மா பாத்ததை?"

"வீட்டுக்குப் போலாம்பா" என்று அவன் வெளியே போய் மண்குதிரைகளுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான்.

உண்மையில் தெரிந்துதான் போட்டானா, உயிரோடு திரும்பிய பிள்ளை அம்மாவுக்குச் செய்த நன்றியா என்று எனக்குத் தெரியாது. பஸ்ஸில் வரும்போது கேட்டேன். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். அவன் சொன்னது உண்மையானால் என் அக்காவின் கை தன் மகனைக் காப்பாற்றியிருக்கிறது. அந்தப் பக்கம் எவள் மகனையோ என்ன செய்தது என்று நினைக்கவே பயமாக இருக்கிறது. பெருமைப்படுகிறேன், அழுகையும் வருகிறது. எதை முதலில் எழுதுவது என்று தெரியாமல்தான் இத்தனை நாள் தட்டச்சுப் பொறி முன்னால் உட்கார்ந்திருந்தேன்.

அக்காவின் நோய்க் காலத்தில் ரத்தம் கொடுத்த கம்பெனி நண்பர்களுக்கும், பெங்களூருக்கும் ஓசூருக்கும் வண்டி ஓட்டிய கெலமங்கலத்து உறவுகளுக்கும், முகம் சுளிக்காமல் பார்த்துக்கொண்ட செவிலியருக்கும், அடக்கத்தன்று எங்கள் தெருவில் சமைத்துப் போட்ட அண்டை வீட்டாருக்கும், பையைக் கவிழ்த்துக் காசு கொடுத்த நாகரத்னா அக்காவுக்கும் எங்கள் குடும்பம் கைகூப்புகிறது.

மற்றொரு காசு அக்கா வீட்டு அலமாரியில், பழைய இடத்திலேயே இருக்கிறது. அடுத்த வாரம் மகன் எல்லைக்குத் திரும்புகிறான். வீட்டுக்கு வருகிறவர்கள் அந்த மஞ்சள் துணியை அவிழ்க்க வேண்டாம். அதன் முன்னால் நின்று, அதை நாங்கள் செலுத்தும் நாள் வர வேண்டும் என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போங்கள்.

இப்படிக்கு,
தங்கை